மேகத்தைப் பாத்திரத்தில் அடைத்தவர்

ஆகாயத்தில் மிதக்கும் மேகத்தை ஒரு கண்ணாடிப் பாத்திரத்துக்குள் உண்டாக்க முடியுமா?

முடியும் என்று காட்டினார் ஒருவர். அதோடு அவர் நிற்கவில்லை. கண்ணுக்குத் தெரியாத அணுத்துகள்கள் ஓடும் பாதையையும் அந்த மேகத்தைக் கொண்டே படம் பிடித்தார். உலகம் அவருக்கு நோபல் பரிசு கொடுத்தது.

அவர் பெயர் சார்லஸ் வில்சன்.

தந்தை இல்லாத பிள்ளை

ஸ்காட்லாந்தில் எடின்பரோ நகருக்குப் பக்கத்தில் 1869-ம் ஆண்டு பிப்ரவரி 14-ந் தேதி வில்சன் பிறந்தார். தகப்பனார் ஆட்டுப் பண்ணை வைத்திருந்த விவசாயி. வில்சனுக்கு 4 வயதானபோது அவர் இறந்துவிட்டார். தாயார் பிள்ளைகளை அழைத்துக்கொண்டு இங்கிலாந்தில் உள்ள மான்செஸ்டருக்குக் குடிபோனார்.

மூத்த தாரத்து அண்ணன் ஒருவர் நம் நாட்டில், கல்கத்தாவில் வியாபாரம் செய்துவந்தார். அவர் உதவியால்தான் வில்சன் படித்தார். டாக்டராக வேண்டும் என்பது அவருடைய முதல் எண்ணம். 1888-ல் உபகாரச் சம்பளம் பெற்று, கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார். அங்கே அவர் மனம் விஞ்ஞான ஆராய்ச்சியின் பக்கம் திரும்பியது. 1892-ல் பட்டம் பெற்றார். சிறிது காலம் பள்ளி ஆசிரியராகவும் இருந்தார்.

மலை உச்சியில் கண்ட காட்சி

பிரிட்டனிலேயே உயரமான மலை பென் நெவிஸ். உயரம் 4,400 அடிக்கு மேல். அதன் உச்சியில் அப்போது வானிலை ஆராய்ச்சி நிலையம் ஒன்று இருந்தது. 1894-ம் ஆண்டு செப்டம்பரில் வில்சன் இரண்டு வாரம் அங்கே தங்கினார். அப்போது அவருக்கு வயது 25.

காலையில் எழுந்து பார்த்தால் மேகம் காலுக்குக் கீழே கடல்போல் பரந்து கிடக்கும். முதுகுப்புறம் சூரியன் நிற்கும். எதிரே மேகத்தின்மேல் அவருடைய நிழல் விழும். அந்த நிழலின் தலையைச் சுற்றி, வானவில்லின் வண்ணங்களில் வளையங்கள் தோன்றும்!

வில்சன் மெய்ம்மறந்து போனார். இந்த அழகை நாமே உண்டாக்கிப் பார்த்தால் என்ன என்று ஆசைப்பட்டார். அந்த ஆசைதான் அவர் வாழ்க்கையையே மாற்றியது.

மேகம் எப்படி உண்டாகிறது?

கடலிலும் குளத்திலும் உள்ள தண்ணீர் வெயிலில் ஆவியாகிறது. ஆவி கலந்த காற்று மேலே எழும்புகிறது. உயரே போகப் போகக் காற்றின் அழுத்தம் குறைவு. அதனால் எழும்பிய காற்று விரிகிறது. விரிந்தால் குளிர்ந்துபோகும்.

சைக்கிள் டியூபிலிருந்து காற்றைத் திறந்துவிட்டுக் கையை வைத்துப் பாருங்கள். சில்லென்று இருக்கும். அதுவும் காற்று விரிவதால்தான்.

குளிர்ந்த ஆவி, நீர்த்துளியாக மாறவேண்டும். ஆனால் அது தானாக எளிதில் துளியாகாது. அதற்கு ஒரு பிடிமானம் வேண்டும். காற்றில் மிதக்கும் தூசியும், கடல் உப்புத் துகளும், புகைத் துகளும்தான் அந்தப் பிடிமானம். மேகத்தின் ஒவ்வொரு துளிக்கும் இப்படி ஒரு வித்து உண்டு.

தூசி இல்லாமல் துளி!

கேம்பிரிட்ஜுக்குத் திரும்பிய வில்சன், கண்ணாடிப் பாத்திரத்தில் ஈரக் காற்றை அடைத்தார். பாத்திரத்தின் அடிப்பாகம் திடீரென்று கீழே இறங்கும்படி செய்தார். உள்ளே இருந்த காற்று விரிந்தது. குளிர்ந்தது. மேகம் உண்டாயிற்று!

இப்படியே பல முறை செய்தார். ஒவ்வொரு முறையும் துளிகள் தூசியைச் சுமந்துகொண்டு அடியில் படிந்தன. கடைசியில் பாத்திரத்தில் தூசியே இல்லை. இனித் துளி விழக்கூடாது அல்லவா? ஆனால் காற்றை இன்னும் அதிகமாக விரியச் செய்தபோது சில துளிகள் விழுந்தன.

இந்தத் துளிகளுக்கு எது வித்து?

1895-ன் கடைசியில் ஜெர்மனியில் ராண்ட்ஜன் எக்ஸ்-ரே கதிர்களைக் கண்டுபிடித்தார். சில மாதங்களுக்குள் வில்சன் அந்தக் கதிர்களைத் தம் பாத்திரத்தின்மேல் பாய்ச்சினார். சில துளிகள் விழுந்த இடத்தில் பெரும் மூடுபனியே உண்டாயிற்று. கதிர்கள் காற்று அணுக்களுக்கு மின்சாரம் ஏற்றின. அந்த மின்னணுக்களே துளிகளுக்கு வித்தாகிவிட்டன.

சுரங்கத்தில் ஓர் இரவு

எக்ஸ்-ரே இல்லாதபோதும் சில துளிகள் விழுந்தனவே! அப்படியானால் ஏதோ ஒரு கதிர் எங்கிருந்தோ வருகிறது. அது விண்வெளியிலிருந்து வருமோ?

1901-ல் வில்சன் ஒரு கருவியை எடுத்துக்கொண்டு, ஸ்காட்லாந்தில் உள்ள ரயில் சுரங்கப் பாதைக்குள் இரவு நேரத்தில் போனார். மேலே இருக்கும் பாறை கதிரைத் தடுத்தால், உள்ளே மின்னணுக்கள் குறையவேண்டும். ஆனால் குறையவில்லை. பாறைகளிலிருந்தும் கதிர் வருகிறது. அது கணக்கைக் குழப்பிவிட்டது. வில்சன் அந்த எண்ணத்தைக் கைவிட்டார்.

1912-ல் ஆஸ்திரியாவைச் சேர்ந்த ஹெஸ் என்பவர் பலூனில் உயரே பறந்தார். விண்வெளியிலிருந்து கதிர் வருவது உண்மை என்று நிரூபித்தார். வில்சன் கேட்ட கேள்வி சரியானது. தேடிய இடம்தான் தவறு!

ஈர மண்ணில் காலடி

வில்சன் சோர்ந்துவிடவில்லை. கண்ணாடிப் பாத்திரங்களைத் தம் கையாலேயே ஊதிச் செய்தார். உடைந்தால் மறுபடியும் செய்தார்.

1911-ல் பலன் கிடைத்தது. ரேடியத்திலிருந்து பாய்ந்த துகள்கள், பாத்திரத்துக்குள் மெல்லிய வெண்கோடுகளை விட்டுச் சென்றன. உயரே பறக்கும் விமானத்தின் பின்னால் வெண்கோடு தெரிகிறதே, அதைப்போல! ஈர மண்ணில் பதிந்த காலடியைப் பார்த்து, மாடு போன வழியைச் சொல்லிவிடலாம். அதேபோல மேகக் கோட்டைப் பார்த்து, துகள் போன வழியைச் சொன்னார் வில்சன். 1927-ல் அவருக்கும் அமெரிக்க விஞ்ஞானி காம்ப்டனுக்கும் நோபல் பரிசு கிடைத்தது.

1932-ல் அமெரிக்காவில் ஆண்டர்சன் என்பவர், இத்தகைய மேகப் பாத்திரத்தில் விண்வெளிக் கதிர்களைப் படம் எடுத்தார். அதில் பாசிட்ரான் என்ற புதிய துகளைக் கண்டார். சுரங்கத்தில் வில்சனுக்கு அகப்படாத கதிர்கள், அவர் கண்டுபிடித்த பாத்திரத்தில் அகப்பட்டன!

முதுமையிலும் மேகம்

ஓய்வு பெற்ற பிறகு வில்சன் ஸ்காட்லாந்துக்கே திரும்பினார். மேகத்தின்மீது கொண்ட ஆசை குறையவில்லை. 80 வயதைத் தாண்டியபின் விமானத்தில் ஏறி, இடிமேகங்களைப் பார்த்தார். 1956-ல், தமது 87-வது வயதில், இடிமேகத்தின் மின்சாரம் பற்றிக் கட்டுரை வெளியிட்டார். 1959-ம் ஆண்டு நவம்பர் 15-ந் தேதி காலமானார். வயது 90.

மேகம் பூமிக்கு மட்டும் சொந்தமல்ல. வெள்ளிக் கிரகத்தைக் கந்தக அமில மேகம் மூடியிருக்கிறது. செவ்வாயில் பனிக்கட்டி மேகம் மிதக்கிறது. அங்கும் ஆவி குளிர்ந்துதான் மேகமாகிறது.

விண்வெளிக் கதிர்கள் நம் மேகங்களுக்கும் வித்திடுகின்றனவா என்று அறிய, 2009-ல் ஜெனீவா அருகே செர்ன் ஆராய்ச்சிக் கூடத்தில் பெரிய மேகப் பாத்திரம் ஒன்றில் சோதனை தொடங்கியது. நுண்துகள்கள் உண்டாகக் கதிர்கள் உதவுகின்றன, ஆனால் இன்றைய மேகங்களைப் பெரிதாக மாற்றுவதில்லை என்று தெரிந்தது.

அழகாக இருக்கிறதே என்று ஓர் இளைஞர் மேகத்தை உற்றுப் பார்த்தார். அதனால் அணுவின் கதவு திறந்தது!