பிரதமரின் பரிந்துரையை ஏற்க மறுத்த ஜனாதிபதி: வேலூரில் படித்த ராதாகிருஷ்ணன் கதை

ஜனாதிபதிக்கு உண்மையில் எவ்வளவு அதிகாரம் இருக்கு? மசோதா கிடப்பில் கிடந்தாலும், ஒரு மாநில ஆட்சி கலைக்கப்பட்டாலும் இந்தக் கேள்வி திரும்பத் திரும்ப வரும். வெறும் ரப்பர் ஸ்டாம்ப் என்பார்கள் சிலர். நாட்டின் முதல் குடிமகன், முப்படைகளின் தலைவர் என்பார்கள் வேறு சிலர்.

பதிலில் பாதிதான் அரசியலமைப்புச் சட்டப் புத்தகத்தில் இருக்கு. மீதியைத் தெரிந்துகொள்ள, அந்த நாற்காலியில் உட்கார்ந்தவர்கள் என்ன செய்தார்கள் என்று பார்க்க வேண்டும். அதில் முக்கியமானவர், செப்டம்பர் 5 ஆசிரியர் தினத்தன்று மட்டும் நாம் நினைத்துப் பார்க்கும் சர்வபள்ளி ராதாகிருஷ்ணன்.

வாலாஜாபேட்டை, வேலூர்... பிறகு டெல்லி

ஆம்பூர், வாணியம்பாடி, ராணிப்பேட்டை, வேலூர் என்றால் இன்று தோல் தொழிற்சாலையும் ஷூ கம்பெனியும்தான் நினைவுக்கு வரும். இந்தப் பகுதி முழுக்க ஒரு காலத்தில் வட ஆற்காடு மாவட்டம். 1888 செப்டம்பர் 5-ல் ராதாகிருஷ்ணன் பிறந்த திருத்தணியும் அப்போது இதே மாவட்டத்தில்தான் இருந்தது.

அப்பா வருவாய்த் துறையில் சாதாரண ஊழியர். வீட்டில் தெலுங்கு, வெளியில் தமிழ். திருத்தணி, திருப்பதி, வாலாஜாபேட்டை என்று பள்ளிப் படிப்பு நகர்ந்தது. அதன் பிறகு வேலூர் ஊரிசு கல்லூரி. அமெரிக்க ஆற்காடு மிஷன் நடத்திய இந்தக் கல்லூரியில் உதவித்தொகையில் படித்தார். வேலூரில் படித்த காலத்திலேயே, 1903-ல், சிவகாமுவுடன் திருமணமும் நடந்துவிட்டது.

அடுத்து சென்னை கிறிஸ்தவக் கல்லூரி. அங்கே தத்துவம் எடுத்ததற்குக் காரணம் ரொம்ப சிம்பிள். அதே பாடம் படித்து முடித்த உறவினர் ஒருவர் தன் பழைய புத்தகங்களைச் சும்மாவே கொடுத்தார். புத்தகம் வாங்கப் பணம் இல்லாத மாணவருக்கு அது போதும்.

அந்த ஓசிப் புத்தகங்கள் அவரை வெகுதூரம் கொண்டுபோயின. 1909-ல் சென்னை மாநிலக் கல்லூரியில் ஆசிரியர். 1918-ல் மைசூர், 1921-ல் கல்கத்தா. மைசூரை விட்டுக் கிளம்பியபோது மாணவர்களே அவர் உட்கார்ந்த வண்டியை ரயில் நிலையம் வரை இழுத்துச் சென்றார்கள். ஆந்திரா, பனாரஸ் பல்கலைக்கழகங்களில் துணைவேந்தர், ஆக்ஸ்போர்டில் பேராசிரியர், 1949 முதல் 1952 வரை சோவியத் யூனியனில் இந்தியத் தூதர்.

முதலில் நாடாளுமன்றம், அப்புறம்தான் ராஷ்டிரபதி பவன்

1952-ல் நாட்டின் முதல் துணைக் குடியரசுத் தலைவர் ஆனார். துணைக் குடியரசுத் தலைவர்தான் மாநிலங்களவையின் தலைவரும்கூட. அதாவது, ஜனாதிபதி ஆவதற்கு முன் 10 ஆண்டுகள் சட்டம் இயற்றும் இடத்தின் நடுவில் உட்கார்ந்திருந்தவர் அவர். சபையில் சூடு ஏறினால் ஒரு நகைச்சுவை, ஒரு சமஸ்கிருத ஸ்லோகம் சொல்லித் தணிப்பது அவர் வழக்கம்.

1962-ல் ஜனாதிபதித் தேர்தல். பதிவான 5,62,945 வாக்கு மதிப்பில் அவருக்கு மட்டும் 5,53,067 கிடைத்தது. மே 13-ல் பதவியேற்றார்.

சட்டம் என்ன சொல்லுது?

இங்கே கொஞ்சம் நின்று பார்ப்போம். அரசியலமைப்பின் 53-வது பிரிவு, நாட்டின் நிர்வாக அதிகாரம் முழுவதும் ஜனாதிபதியிடம் இருக்கிறது என்கிறது. 79-வது பிரிவின்படி நாடாளுமன்றம் என்பது இரண்டு அவைகள் மட்டும் இல்லை. ஜனாதிபதியும் அதில் ஒரு அங்கம். அவர் கையெழுத்து இல்லாமல் மசோதா சட்டம் ஆகாது.

ஆனால் 74-வது பிரிவு, அவருக்கு உதவவும் ஆலோசனை கூறவும் பிரதமர் தலைமையில் அமைச்சரவை இருக்கும் என்கிறது. அந்த அமைச்சரவை பதில் சொல்ல வேண்டியது மக்களவைக்கு. ஜனாதிபதி எல்லை மீறினால் அவரைக் கண்டனத் தீர்மானம் மூலம் நீக்கும் அதிகாரமும் நாடாளுமன்றத்திடம்தான்.

சரி, அந்த ஆலோசனையை ஜனாதிபதி கட்டாயம் ஏற்கணுமா? அன்றைய சட்டத்தில் அது வெளிப்படையாக எழுதப்படவில்லை. முதல் ஜனாதிபதி ராஜேந்திர பிரசாத்துக்கும் பிரதமர் நேருவுக்கும் இந்து சட்ட மசோதா விஷயத்தில் உரசல் வந்ததே இந்த இடைவெளியில்தான். ஜனாதிபதி பெயரளவில்தான் நிர்வாகத் தலைவர் என்று 1955-ல் உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கில் தெளிவுபடுத்தியது. ராதாகிருஷ்ணன் வந்தபோது நிலைமை இதுதான்.

ஒரு கையெழுத்து, ஐந்து வருட அவசரநிலை

பதவியேற்ற ஐந்தே மாதத்தில் சீனப் போர். 1962 அக்டோபர் 26-ல் அமைச்சரவையின் ஆலோசனைப்படி 352-வது பிரிவில் அவசரநிலைப் பிரகடனத்தில் கையெழுத்திட்டார். சுதந்திர இந்தியாவின் முதல் அவசரநிலை அது. நாடாளுமன்றமும் ஒப்புதல் கொடுத்தது.

நவம்பர் 21-ல் சண்டை நின்றது. அவசரநிலை மட்டும் நிற்கவில்லை. 1968 ஜனவரி வரை நீடித்தது, அதாவது ராதாகிருஷ்ணன் பதவிக்காலம் முடிந்த பிறகும். இந்தியப் பாதுகாப்பு விதிகளின் கீழ் பலர் விசாரணையின்றிச் சிறையில் இருந்தார்கள். சில அடிப்படை உரிமைகளுக்காக நீதிமன்றம் போகும் வழியையும் ஜனாதிபதியின் உத்தரவு அடைத்திருந்தது.

சீனாவை நம்பி ஏமாந்ததற்காகவும் அலட்சியத்துக்காகவும் அரசை வெளிப்படையாகக் குறை சொன்னவர் ராதாகிருஷ்ணன். ஆனால் அவசரநிலையை முடித்துவைக்க அவரால் தனியாக எதுவும் செய்ய முடியவில்லை. ஒருமுறை ஒப்புதல் கிடைத்தால் காலவரம்பு கிடையாது என்பதுதான் அன்றைய சட்டம்.

கேரளாவிலும் இதே கதைதான். 1965 தேர்தலில் 133 இடங்களில் யாருக்கும் பெரும்பான்மை இல்லை. தனிப்பெரும் கட்சியாக வந்த மார்க்சிஸ்ட் கம்யூனிஸ்டின் உறுப்பினர்கள் பலர் சிறையில் இருந்தார்கள். சட்டமன்றம் ஒரு நாள்கூடக் கூடவில்லை. ஜனாதிபதியின் பெயரால் கலைக்கப்பட்டது. 1967 தேர்தல் வரை அங்கே மத்திய ஆட்சிதான்.

1965 பிப்ரவரி: கையெழுத்து விழாத நாள்

அப்படியென்றால் ஜனாதிபதி வெறும் ரப்பர் ஸ்டாம்ப்தானா? அதற்குப் பதில் தமிழ்நாட்டில் இருந்து வந்தது.

1965 ஜனவரி 26 முதல் இந்தி மட்டுமே ஆட்சிமொழி ஆகிவிடும் என்ற அச்சத்தில் மாணவர்கள் தெருவுக்கு வந்தார்கள். தடியடி, துப்பாக்கிச்சூடு, தீக்குளிப்பு. அரசுக் கணக்குப்படியே சுமார் 70 பேர் இறந்தார்கள்.

பிப்ரவரி 11-ல் தமிழ்நாட்டைச் சேர்ந்த இரண்டு மத்திய அமைச்சர்கள், சி.சுப்பிரமணியமும் ஓ.வி.அளகேசனும், ராஜினாமா செய்தார்கள். அதை ஏற்கச் சொல்லி ஜனாதிபதிக்குப் பரிந்துரைத்தார் பிரதமர் லால் பகதூர் சாஸ்திரி.

அமைச்சர் நியமனமும் நீக்கமும் பிரதமரின் தனி உரிமை போன்றது. ஜனாதிபதி தலையிட வாய்ப்பே இல்லாத இடம் என்றுதான் சொல்வார்கள். அந்த இடத்தில்தான் ராதாகிருஷ்ணன் பேனாவைத் திறக்கவில்லை. பரிந்துரையை ஏற்க மறுத்தார். ஒரு மாநிலமே கொதிக்கும்போது அதன் இரண்டு குரல்களை டெல்லி வெளியே அனுப்பினால் பிளவு ஆழமாகும் என்பதை அந்த மண்ணில் வளர்ந்தவருக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

சாஸ்திரி இறங்கி வந்தார். அன்றே வானொலியில் பேசி, நேரு கொடுத்த வாக்குறுதி காப்பாற்றப்படும், ஆங்கிலம் தொடரும் என்று உறுதியளித்தார். இரண்டு அமைச்சர்களும் பதவியில் நீடித்தார்கள். சுப்பிரமணியம் யார் தெரியுமா? அன்றைய உணவு, வேளாண் அமைச்சர். அடுத்த ஆண்டு 18,000 டன் மெக்சிகோ கோதுமை விதையை இறக்குமதி செய்து பசுமைப் புரட்சியைத் தொடங்கிவைத்தவர். அன்று அந்தக் கையெழுத்து விழுந்திருந்தால் அவர் அமைச்சராகவே இருந்திருக்க மாட்டார்.

இதில் கவனிக்க வேண்டியது ஒன்று. ராதாகிருஷ்ணன் பிரதமரை மீறி உத்தரவு எதுவும் போடவில்லை. மறுபடி யோசிக்க வைத்தார், அவ்வளவுதான். சாஸ்திரி பிடிவாதமாக நின்றிருந்தால், மக்களவையின் ஆதரவு இருக்கும் பிரதமரை எதிர்த்து ஜனாதிபதியால் ரொம்ப நாள் தாக்குப்பிடித்திருக்க முடியாது.

கடைசி எச்சரிக்கை

1967 குடியரசு தினத்துக்கு முந்தைய நாள் உரையில், நிர்வாகத் திறமையின்மையையும் வளங்கள் வீணடிக்கப்படுவதையும் கடுமையாகச் சாடினார். நாடாளுமன்றத்தில் ஜனாதிபதி வாசிக்கும் உரை அமைச்சரவை எழுதித் தருவது. இது அப்படி இல்லை. பொதுத்தேர்தல் நெருங்கிய நேரத்தில் இந்திரா காந்தி அரசுக்கு இது சங்கடம். மே 13-ல் பதவியை ஜாகிர் உசேனிடம் ஒப்படைத்துவிட்டு மயிலாப்பூர் வீட்டுக்குத் திரும்பினார். அந்தச் சாலைதான் இன்றைய டாக்டர் ராதாகிருஷ்ணன் சாலை.

1975 ஏப்ரல் 17-ல் காலமானார். இரண்டு மாதம் கழித்து, ஜூன் 25 இரவு, அமைச்சரவை கூடுவதற்கு முன்பே பிரதமர் அனுப்பிய அவசரநிலைப் பிரகடனத்தில் ஜனாதிபதி பக்ருதீன் அலி அகமது கையெழுத்திட்டார். அமைச்சர்களுக்கு விஷயம் தெரிந்ததே மறுநாள் காலையில்தான்.

இப்போ நிலைமை என்ன?

1976-ல் 42-வது திருத்தம், அமைச்சரவை சொல்வதை ஜனாதிபதி ஏற்றே ஆக வேண்டும் என்று எழுதியது. 1978-ல் 44-வது திருத்தம் மூன்று முக்கியமான விஷயங்களைச் சேர்த்தது.

ஒன்று, அவசரநிலைக்கு அமைச்சரவையின் எழுத்துப்பூர்வ முடிவு வேண்டும். இரண்டு, ஆறு மாதத்துக்கு ஒருமுறை நாடாளுமன்றம் அதைப் புதுப்பிக்க வேண்டும். 1962-ல் இது இருந்திருந்தால் அந்த அவசரநிலை ஐந்து வருடம் ஓடியிருப்பது கஷ்டம்.

மூன்று, அமைச்சரவையின் ஆலோசனையை மறுபரிசீலனை செய்யச் சொல்லி ஜனாதிபதி ஒருமுறை திருப்பி அனுப்பலாம். அதே ஆலோசனை மறுபடி வந்தால் ஏற்கணும். 1997-ல் உத்தரப் பிரதேச ஆட்சிக் கலைப்புப் பரிந்துரையை கே.ஆர்.நாராயணன் திருப்பி அனுப்பினார். அரசு அந்த முயற்சியைக் கைவிட்டது. மசோதாவுக்கும் 111-வது பிரிவில் இப்படி ஒரு வாய்ப்பு உண்டு. 2006-ல் ஆதாயம் தரும் பதவி மசோதாவை அப்துல் கலாம் திருப்பி அனுப்பினார். நாடாளுமன்றம் மறுபடி நிறைவேற்றியது, அவர் கையெழுத்திட்டார்.

ஒருமுறை திருப்பிக் கேட்பது, அதற்கு மேல் மக்கள் தேர்ந்தெடுத்தவர்களுக்கு வழிவிடுவது. ஜனாதிபதியின் அதிகாரம் இன்று நிற்கும் கோடு இதுதான். அந்தக் கோட்டைச் சட்டம் வரைந்தது 1978-ல். 1965-லேயே, எழுதப்படாத அந்த உரிமையைப் பயன்படுத்திவிட்டார் வேலூரில் படித்த ராதாகிருஷ்ணன்.