திரைத்துறை முன்னோடி ஜே. சி. தானியேல்

நமது முத்துக்குளித்துறைக் கடற்கரைக்குத் தெற்கே, குமரி மாவட்டத்து அகஸ்தீஸ்வரத்தில் வேரூன்றிய வசதிமிக்க குடும்பத்தைச் சேர்ந்தவர் ஜே. சி. தானியேல். களரிப் பயிற்றுக் கலையை உலகறியச் செய்ய விழைந்த அவர், அதற்கு ஏற்ற கருவி திரைப்படமே எனத் தெளிந்தார். சென்னைக்கும் பம்பாய்க்கும் சென்று தொழில் நுணுக்கங்களை அறிந்து வந்தார். சொந்த நிலத்தை விற்று, 1926இல் திருவனந்தபுரத்தில் திருவாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ் என்னும் படநிலையத்தை நிறுவினார்.

‘விகதகுமாரன்’ என்னும் ஊமைப் படத்தின் கதை, இயக்கம், தயாரிப்பு, ஒளிப்பதிவு, கதாநாயகன் வேடம் அனைத்தும் அவருடையவையே. அது வெளிவந்த ஆண்டை 1928 என்றும் 1930 என்றும் கூறுவர். கதாநாயகியாக நடித்தவர் பி. கே. ரோசி, புலையர் குலத்தில் பிறந்து, புல்லறுத்துப் பிழைத்த ஏழைப் பெண். அவர் ஏற்றதோ நாயர் குலப் பெண்ணின் வேடம்.

ஒடுக்கப்பட்ட பெண் உயர்குல மங்கையாகத் தோன்றுவதைச் சாதி வெறியர் பொறுத்தாரில்லை. முதற் காட்சியிலேயே கல்லெறிந்து திரையைக் கிழித்தனர். தன் படத்தைக் காணவும் ரோசிக்கு இடமில்லை. அவர் குடிசை தீக்கிரையாயிற்று. அவர் ஊரை விட்டே ஓடி, நாகர்கோவிலில் பெயர் மறைத்து வாழ்ந்தார்.

பொருளிழந்த தானியேல் படநிலையத்தை மூடினார். பல் மருத்துவராக வாழ்ந்து, 1975இல் அகஸ்தீஸ்வரத்தில் வறுமையிலேயே மறைந்தார். 1992 முதல் கேரள அரசு அவர் பெயரால் விருது வழங்குகிறது. ரோசியின் பெயரில் ஒரு திரைப்படக் கழகம் தோன்ற 2019 வரை காத்திருக்க நேர்ந்தது.

மாணவச் செல்வங்களே! தானியேலைப் போற்றும்போது ரோசியையும் மறவாதீர். நம் மக்களின் வரலாற்றைப் பிறர் எழுதுவரெனக் காத்திராமல், கற்று நாமே எழுதுவோமாக.