மகனுக்காக நீதி கேட்ட அன்னை: டாக்டர் மனோராணி சரவணமுத்து

நேர்மையற்ற நடுவரிடம் ஓயாது சென்று முறையிட்ட கைம்பெண்ணின் உவமையை லூக்கா நற்செய்தியில் நாம் அறிவோம். அவளைப் போலவே கதவு திறக்கும்வரை தட்டிய தாய் ஒருவர் நம் நாட்டிலும் வாழ்ந்தார். அவரே டாக்டர் மனோராணி சரவணமுத்து.

கொழும்பில் பெயர்பெற்ற தமிழ்க் குடும்பம் ஒன்றைச் சேர்ந்தவர் அவர். மருத்துவம் கற்றுப் பல ஆண்டுகள் நோயாளருக்குப் பணி செய்தார். கிரிக்கெட் வீரரும் ஒலிபரப்பாளருமான லூசியன் டி சொய்சாவை மணந்தார். இவர்களுடைய மகன் ரிச்சர்ட் 1958 மார்ச்சில் பிறந்தார். நடிகர், கவிஞர், செய்தி வாசிப்பாளர், பத்திரிகையாளர் எனப் பலரும் அறிந்தவராக ரிச்சர்ட் வளர்ந்தார்.

1988, 1989 ஆம் ஆண்டுகளில் நாட்டில் நிகழ்ந்தவற்றை மூத்தவர்கள் மறந்திருக்கமாட்டார்கள். தெற்கில் கிளர்ச்சி மூண்டது. அதை அடக்கவென ஆயிரக்கணக்கான இளைஞர் கொண்டு செல்லப்பட்டனர். மரண விசாரணை இன்றியே உடல்களை அப்புறப்படுத்த அவசரகாலச் சட்டவிதி இடமளித்த காலமும் இருந்தது. விசாரணை இல்லையேல் சாட்சி இல்லை. சாட்சி இல்லையேல் வழக்கும் இல்லை. குற்றத்தை மறைக்கச் சட்டமே துணைபோன காலம் அது.

1990 பெப்ரவரி 18 அதிகாலையில் ராஜகிரியவில் மனோராணியின் வீட்டுக்குள் ஆயுதம் தாங்கியோர் புகுந்தனர். தாயின் கண்முன்னே மகனை இழுத்துச் சென்றனர். மறுநாள் மொறட்டுவைக் கடலில் ரிச்சர்டின் உடல் கிடைத்தது. சுட்டுக் கொல்லப்பட்டிருந்தார். அவருக்கு வயது 31.

தாய் அழுது ஓய்ந்துவிடவில்லை. சில மாதங்களின் பின் தொலைக்காட்சியில் ஒரு முகத்தைக் கண்டார். அன்றிரவு தம் வீட்டுக்கு வந்தவர்களுள் ஒருவர் அவர் என்று இனங்கண்டார். அவர் பொலிஸ் உயர் அதிகாரி. அஞ்சாமல் அதை நீதிமன்றத்துக்குத் தெரிவித்தார். பலன் என்ன? அவருக்கும் அவருடைய வழக்கறிஞர் பட்டி வீரக்கோனுக்கும் கொலை மிரட்டல்கள் வந்தன. சட்டமா அதிபரோ சான்று போதாது என்றார். விசாரிக்க வேண்டிய துறையே குற்றஞ்சாட்டப்பட்ட துறையாகவும் இருக்கும்போது, ஏழை எங்கே போவான்?

தமக்கு மகனின் உடலாவது கிடைத்தது, அதுகூடக் கிடைக்காத தாய்மார் ஆயிரமாயிரம் என்பதை மனோராணி உணர்ந்திருந்தார். இந்த உணர்வே அவருடைய துயரை மற்றவர் துயரோடு இணைத்தது. மாத்தறையில் 1990இல் தொடங்கிய அன்னையர் முன்னணி 1991இல் நாடளாவிய இயக்கமாயிற்று. அதன் தலைவியாக இந்தத் தமிழ்த் தாய், பெரும்பாலும் சிங்களக் கிராமத்துத் தாய்மாரோடு நின்றார். கண்ணீருக்கு இனமும் மொழியும் ஏது?

1992இல் அவ்வியக்கத் தாய்மார் கொழும்பு மோதரைக் காளி கோவிலில் கூடித் தேங்காய் உடைத்துச் சாபமிட்டனர். சாபமிடுதல் கிறிஸ்தவ நெறியன்று. ஆனால் நீதிமன்றக் கதவு அடைபட்டதால்தான் அவர்கள் கோவில் வாசலுக்குப் போனார்கள் என்பதை நாம் மறக்கலாகாது. 1993 மே தினக் குண்டுவெடிப்பில் ஜனாதிபதி பிரேமதாசவோடு அந்தப் பொலிஸ் அதிகாரியும் மாண்டார். அதை இறைவனின் பழிவாங்கல் எனச் சொல்வது தகாது. அது நீதியுமன்று, உண்மையை நீதிமன்றம் ஆராயும் வாய்ப்பு அவரோடு மறைந்தது.

1994இல் ஆட்சி மாறியது. காணாமற்போனோர் பற்றி விசாரிக்க ஆணைக்குழுக்கள் அமைந்தன. நம் ஊவாவும் அவற்றுள் ஒன்றின் எல்லைக்குள் இருந்தது. ரிச்சர்ட் வழக்கும் மீண்டும் உயிர்பெற்றது. தீர்ப்பைக் காணாமலே 2001இல் மனோராணி கண்மூடினார். 2005இல், குற்றஞ்சாட்டப்பட்ட பொலிஸார் மூவரும் விடுதலையாயினர்.

அப்படியானால் அவர் தோற்றாரா? தண்டனை பெற்றுத்தர அவரால் இயலவில்லை. ஆனால் வாய்பொத்தி அழுத தாய்மாரை வீதிக்கு வந்து கேட்கச் செய்ததில் அவருக்குப் பெரும் பங்குண்டு. பிள்ளை எங்கே என்று கேட்பது குற்றமன்று, உரிமை என்று நாட்டுக்கு உணர்த்தினார்.

2014 அக்டோபர் 29இல் மீரியபெத்த மண்சரிவில் புதையுண்டோர் பலரின் உடல்கள் மீட்கப்படவேயில்லை. அடக்கம் செய்ய உடலின்றித் தவிப்பது என்னவென்று நம் தோட்டத்துத் தாய்மார் அறிவர். ஆகவே மனோராணியின் கதை நமக்கு அந்நியமன்று.

நம் லயங்களிலும் பொலிஸுக்குப் போகப் பயந்து, பணமில்லை, ஆளில்லை என்று அநியாயத்தை விழுங்குவோர் உளர். அவர்கள் தனியே போக வேண்டியதில்லை. முறைப்பாடு எழுத உதவுவோம். நீதிமன்றத்துக்கு உடன் செல்வோம். அயலவர் எனின் சாட்சி சொல்லத் தயங்காதிருப்போம். சிலுவையடியில் நின்ற அன்னை மரியாவோடு யோவானும் நின்றார் அல்லவா?