இரட்டைக் கோடு போட்ட மருத்துவர்

கணக்குப் பாடத்தில் பலரைப் பயமுறுத்துவது எது? பெருக்கலும் வகுத்தலும் அல்ல, வாக்கியக் கணக்குதான். வாக்கியத்தைச் சமன்பாடாக மாற்றத் தெரிந்துவிட்டால் பாதிக் கணக்கு முடிந்தது. அதற்கு நமக்குப் பெரிதும் உதவும் சமக்குறியை (=) உருவாக்கியவர் ராபர்ட் ரெக்கார்டு.

இவர் வேல்ஸ் நாட்டின் டென்பி என்ற கடற்கரை ஊரில் 1510ஆம் ஆண்டு வாக்கில் பிறந்தார். ஆக்ஸ்போர்டில் படித்து, 1545ல் கேம்பிரிட்ஜில் மருத்துவப் பட்டம் பெற்றார். தொழில் வைத்தியம், ஆசை கணக்கு! அக்காலத்தில் அறிஞர்கள் லத்தீன் மொழியில்தான் எழுதுவார்கள். ரெக்கார்டோ சாதாரண மக்களுக்காக ஆங்கிலத்தில் எழுதினார். 1543ல் வந்த அவரது எண் கணித நூல், ஆசிரியரும் மாணவனும் பேசிக்கொள்வது போல அமைந்தது. மாணவன் தப்பு செய்வான், ஆசிரியர் திருத்துவார். முப்பது வருடம் கரும்பலகை முன் நின்ற எனக்கு, அவரிடம் மிகவும் பிடித்தது இதுதான்.

1557ல் 'அறிவைத் தீட்டும் சாணைக்கல்' என்று பொருள்படும் நூலை வெளியிட்டார். ஒவ்வொரு கணக்கிலும் 'இதற்குச் சமம்' என்று எழுதி எழுதி அவருக்கு அலுத்துவிட்டது. ஒரே நீளமுள்ள இரண்டு இணைகோடுகளை விடச் சமமானவை வேறு எவை என்று யோசித்து, அவற்றையே குறியாக்கினார். அவர் போட்ட கோடுகள் இன்றைய குறியை விட மிக நீளம்!

அந்நூலின் முதல் சமன்பாட்டை நம் வாக்கியமாகச் சொல்கிறேன். 14 பென்சில்களும், 15 ரூபாய்ப் பேனா ஒன்றும் வாங்கினால் மொத்தம் 71 ரூபாய். ஒரு பென்சில் என்ன விலை? விலையை 'ப' என்று வைத்துக்கொள்ளுங்கள். 'பென்சில்கள்' 14ப, 'வாங்கினால் மொத்தம்' என்ற இடத்தில் சமக்குறி. 14ப + 15 = 71. இரு பக்கமும் 15ஐக் கழித்தால் 14ப = 56. ஆகவே ப = 4.

கணக்கில் நேராக இருந்தவர், காசு விஷயத்திலும் அப்படியே இருந்தார். 1549ல் பிரிஸ்டல் நாணயச் சாலையின் அதிகாரியாக இருந்தபோது, வில்லியம் ஹெர்பர்ட் என்ற செல்வாக்குள்ள பிரபு படைச் செலவுக்குப் பணம் கேட்டார். ரெக்கார்டு மறுத்தார். பகை மூண்டது. ஹெர்பர்ட் பின்னர் பெம்புரோக் பிரபு ஆனார். அவர்மீது ரெக்கார்டு முறைகேட்டுப் புகார் கூற, பிரபு அவதூறு வழக்குப் போட்டார். 1557ல் தீர்ப்பு: 1000 பவுன் நஷ்டஈடு! அவ்வளவு பணத்துக்கு எங்கே போவார்? சமக்குறி தந்தவர், 1558ல் லண்டன் சவுத்வார்க் சிறையில் இறந்தார்.

அவரது குறியும் உடனே பரவவில்லை. 1631ல் தாமஸ் ஹாரியட் என்பவரின் நூல், அவர் இறந்து பத்தாண்டுகள் கழித்து அச்சாயிற்று. 'விடப் பெரியது' (>), 'விடச் சிறியது' (<) என்ற குறிகள் அதில்தான் முதலில் வந்தன. பென்சில், பேனா செலவு 71 ரூபாயை விடக் குறைவு என்றால் 14ப + 15 < 71 என்று எழுதலாம். அதே நூலில் ரெக்கார்டின் இரட்டைக் கோடும் இடம்பெற்றிருந்தது.