ஒரு பைசாவுக்கு ஒரு பத்திரிகை

பத்திரிகையில் வருவதை நம்பலாமா என்ற கேள்வி இன்று டீக்கடை பெஞ்சிலும் எழுகிறது, கல்லூரி வகுப்பிலும் எழுகிறது. நூறு ஆண்டுகளுக்கு முன்பே அதை எழுப்பி, பதிலாகத் தாமே ஒரு பத்திரிகை நடத்திக் காட்டியவர் அயோத்திதாசப் பண்டிதர்.

1845 மே 20-இல் சென்னையில் பிறந்தார். இயற்பெயர் காத்தவராயன். தம் ஆசிரியர் மீதிருந்த மதிப்பால் அவர் பெயரையே தம் பெயராக ஏற்றார். நீலகிரியில் வளர்ந்த அவர், 1891-இல் அங்கே திராவிட மகாஜன சபையைத் தொடங்கினார். 1898-இல் இலங்கை சென்று பௌத்தம் தழுவினார். தொழில் சித்த வைத்தியம்.

1907 ஜூன் 19-இல் சென்னை ராயப்பேட்டையிலிருந்து 'ஒரு பைசாத் தமிழன்' வார இதழைத் தொடங்கினார். நான்கு பக்கம், விலை ஒரு பைசா. மறு ஆண்டே 'தமிழன்' என்று பெயர் மாறியது. கோலார் தங்கவயல் தொழிலாளர் முதல் ரங்கூன், தென்னாப்பிரிக்கா வரை வாசகர்கள் இருந்தார்கள். அவர்கள் எழுதிக் கேட்ட சந்தேகங்களுக்கு இதழிலேயே விடை தந்தார்.

அது சுதேசி இயக்கத்தின் காலம். 1908 மார்ச்சில் வ.உ.சி. கைதானதும் திருநெல்வேலி கொந்தளித்தது. பண்டிதரோ, சாதியை விடாமல் சுதேசியம் பேசுவது எப்படி என்று கேட்டார். 1911-இல் மணியாச்சியில் கலெக்டர் ஆஷ் கொல்லப்பட்டபோது அதைக் கண்டித்து எழுதினார். ஆங்கில ஆட்சியை அவர் அளவுக்கு மீறி நம்பினார் என்ற விமர்சனம் உண்டு. அதை நாம் மறைக்க வேண்டியதில்லை. அவரும் தம் நிலையை வாசகரிடம் மறைக்கவில்லை.

1914 மே 5-இல் மறைந்தார். 1926 முதல் அப்பாதுரையார் கோலாரிலிருந்து 'தமிழ'னை மீண்டும் நடத்தினார். பிறகு பண்டிதரின் பெயரே மறக்கப்பட்டது. அன்பு பொன்னோவியம் போன்றவர்கள் பழைய இதழ்களைக் காத்து வைத்தார்கள். ஞான. அலாய்சியஸ் அவற்றைத் தொகுத்தார். 1999-இல் அந்தத் தொகுதிகளை வெளியிட்டது நம் பாளையங்கோட்டை தூய சவேரியார் கல்லூரியின் நாட்டார் வழக்காற்றியல் ஆய்வு மையம்.

அதே 1999-ஆம் ஆண்டு ஜூலை 23-இல், மாஞ்சோலைத் தொழிலாளருக்காகக் கலெக்டர் அலுவலகம் நோக்கிச் சென்ற ஊர்வலத்தில் போலீஸ் தடியடி நடந்தது. 17 உயிர்கள் தாமிரபரணியில் போயின. அவர்கள் எப்படி இறந்தார்கள் என்பதில் அரசு சொன்னது ஒன்று, ஊர்வலத்தில் போனவர்கள் சொன்னது வேறு. ஒரு தரப்பை மட்டும் கேட்டு எழுதினால் செய்தி எப்படி மாறும் என்பதை நம் ஊரை விட யார் அறிவார்?

தாங்கள் விட்டுப்போன செய்திகளைத் தாங்களே எழுதிக்கொள்ள ஒரு பைசா கொடுத்தவர்கள் 'தமிழன்' வாசகர்கள். மாணவர்கள் பண்டிதரின் தொகுதிகளை நூலகத்தில் கேட்டு வாங்கிப் படிக்க வேண்டும். எந்தப் பத்திரிகையைப் படித்தாலும், இந்தப் பத்திரிகை உட்பட, யாரைக் கேட்டு எழுதினார்கள், யாரைக் கேட்காமல் விட்டார்கள் என்று பார்க்க வேண்டும். நம்புவதா வேண்டாமா என்பதை அதன் பிறகு முடிவு செய்வோம்.