முதுபெருங் கிழவர் தாதாபாய் நௌரோஜி

ஐந்தே ஐந்து வாக்குகள்! 1892ஆம் ஆண்டிலே இலண்டன் மாநகரின் மத்திய பின்ஸ்பரித் தொகுதியில் ஓர் இந்தியர் 2,961 வாக்குகள் பெற்றார். எதிர்த்து நின்ற ஆங்கிலேயர் பெற்றவை 2,956. இவ்வாறு காமன்ஸ் சபையினுள் அடியெடுத்து வைத்து, அங்கே இந்திய மக்களின் துயரை எடுத்துரைத்த பெருமகனே தாதாபாய் நௌரோஜி ஆவார்.

1825ஆம் ஆண்டு செப்டெம்பர் மாதம் 4ஆந் திகதி, பார்ஸி சமயக் குருக்கள் மரபில், வறிய குடும்பமொன்றில் அன்னார் பிறந்தார். நான்கு வயதிலே தந்தையை இழந்தார். தாயார் மானெக்பாய் எழுத்தறியாதவர். ஆயினும் மகனை அறிஞனாக்கியே தீருவதென உறுதி பூண்டார். சம்பளம் வாங்காத பாடசாலையில் இடங் கிடைத்தது. ஏழை மக்களின் பொருளால் தாம் கற்றதனால், கற்ற கல்வி அம்மக்களுக்கே உரியது என்ற எண்ணம் தாதாபாயின் உள்ளத்தில் இளமையிலேயே வேரூன்றியது.

பம்பாய் எல்பின்ஸ்டன் கல்லூரியிலே கணிதப் பேராசிரியராகி, அப்பதவியை வகித்த முதல் இந்தியர் என்ற புகழ் பெற்றார். அதற்கு முன்னரே, 1849இல், நண்பர்களுடன் சேர்ந்து பெண்களுக்குப் பள்ளிகள் திறந்தார். பெண்கல்வி பாவமெனப் பலர் கருதிய காலம் அது! 1855இல் வியாபாரத்தின் பொருட்டு இங்கிலாந்து சென்றவர், தாம் பங்காளியாயிருந்த கம்பெனி அபினியும் மதுவும் விற்றுப் பெற்ற இலாபத்தில் பங்கு கொள்ள மனமின்றி அதனை விட்டு விலகினார்.

அன்னாரின் பெருந்தொண்டு இந்தியாவின் வறுமைக்குக் காரணம் கண்டதேயாகும். இந்தியன் ஒருவனின் சராசரி வருட வருமானம் ஏறக்குறைய 20 ரூபாய் மாத்திரமே என 1870களில் கணக்கிட்டுக் காட்டினார். சிறைக் கைதியொருவனைப் பராமரிக்க அரசாங்கம் செலவிட்ட தொகையோ இதனிலும் அதிகம்! கல்கத்தாவிலிருந்து காலனிகளுக்குக் கூலிகளாய்க் கப்பலேறியவர்களுக்கு விதிக்கப்பட்ட உணவளவையும் எடுத்துக் கணக்கிட்டு, சொந்த ஊரிலிருக்கும் குடியானவனுக்கு அவ்வளவு உணவுகூடக் கிட்டாதென நிறுவினார். நாட்டின் செல்வம் உத்தியோகத்தர் சம்பளமாகவும் ஓய்வூதியமாகவும் ஆண்டுதோறும் கடல்கடந்து வடிந்து போவதே காரணமென்பது அவர் முடிபு.

அதே பத்தாண்டிலேதான், 1876 முதல் 1878 வரை, சென்னை மாகாணத்தைப் பெரும் பஞ்சம் வாட்டியது. நம் முன்னோர் பலரை மன்னார்க் கரைக்குத் துரத்தியதும் இவ்வறுமையே அன்றோ? தோட்டத்துப் பிள்ளைகளாகிய நமக்கு நௌரோஜியின் கணக்கு அந்நியமானதன்று.

1886இல் ஹோல்போர்ன் தொகுதியில் நின்று தோற்றார். கறுப்பு மனிதன் ஒருவனை ஆங்கில வாக்காளர் தெரிவு செய்யார் எனப் பிரதமர் சால்ஸ்பரிப் பிரபு 1888இல் ஏளனஞ் செய்தார். அவ்வேளனமே நௌரோஜியின் பெயரை நாடெங்கும் பரப்பியது. நான்காண்டுகள் வீதிவீதியாக உழைத்து வென்றார். விவிலியத்தின்மீதன்றித் தம் சமய நூலாகிய அவெஸ்தாவின்மீது சத்தியஞ் செய்து சபையில் அமர்ந்தார்.

சிவில் சேவைப் பரீட்சையை இந்தியாவிலும் ஒரே காலத்தில் நடத்தவேண்டுமென்ற தீர்மானம் 1893இல் அச்சபையில் நிறைவேறியது. அரசாங்கமோ அதனைச் செயற்படுத்தவில்லை. அப்பரீட்சை இந்திய மண்ணில் நடக்க 1922 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. 1895இல் நௌரோஜி தம் ஆசனத்தையும் இழந்தார்.

ஆங்கிலேயரின் நீதியுணர்வில் அவர் நீண்டகாலம் நம்பிக்கை வைத்தார். மனுப்போட்டே காலங் கழிக்கின்றார் என இளைஞர் சிலர் குறைகூறினர். அக்குறையில் உண்மை இல்லாமலில்லை. ஆனால், 1906இல் கல்கத்தாக் காங்கிரஸில் மூன்றாம் முறையாகத் தலைமை தாங்கியபோது, சுயராச்சியமே இலட்சியமென முழங்கியவர் 81 வயதான அக்கிழவரே! தம் நம்பிக்கை பலிக்காமையைக் கண்டு பாதையை விரிவாக்க முதுமை அவருக்குத் தடையாகவில்லை. 1917 ஜூன் 30இல் பம்பாயில் உயிர் நீத்தார்.

இளைஞர்காள்! ஐந்து வாக்குகளின் பெறுமதியை நம்மைவிட நன்கறிந்தவர் யார்? 1947இல் தோட்ட மக்களின் வாக்குப்பலத்தால் இலங்கை இந்தியன் காங்கிரஸ் உறுப்பினர் எழுவர் பாராளுமன்றஞ் சென்றனர். 1948ஆம் ஆண்டின் பிரசாவுரிமைச் சட்டத்தினாலும் 1949இன் தேர்தற் சட்டத் திருத்தத்தினாலும் அம்மக்களிற் பெரும்பாலோர் வாக்கிழந்தனர். எஞ்சியிருந்த நாடற்றோருக்கும் பிரசாவுரிமை வழங்குஞ் சட்டம் 2003இலேதான் வந்தது. அரை நூற்றாண்டுக்கு மேல் காத்திருந்து பெற்ற உரிமை இது. தேர்தல் நாளன்று மழையென்றும், வாக்குச்சாவடி தூரமென்றும் லயத்தில் இருந்துவிடுவோமாயின், காத்திருந்து மாண்ட நம் பாட்டன் பாட்டிமாருக்கு என்ன விடை கூறுவோம்? வாக்காளர் இடாப்பில் பெயரைப் பதிவோம்; கற்ற கல்வியைக் கற்பித்த மக்களுக்கே திருப்பிக் கொடுப்போம். நௌரோஜிப் பெரியாருக்கு நாம் செய்யத்தக்க அஞ்சலி இதுவேயாகும்.