கதவைத் தட்டிய தூத்துக்குடிக்காரர்

மேலப்பாளையத்துல எங்க தெருவுக்குள்ள மத்தியானம் நடந்து போனீங்கன்னா, நாலு வீட்டுக்கு ஒரு வீட்டுல திண்ணையில உக்காந்து சொளவை மடியில வச்சு பீடி சுத்திட்டு இருப்பாங்க. கை பீடி சுத்தும், காது ரேடியோல இருக்கும். எங்க உம்மா சின்ன வயசுல கேட்டது இலங்கை வானொலி. இப்போ போன்ல யூடியூப். அதுல ஒரு குரல் வந்தா மட்டும் உம்மா சத்தத்தைக் கூட்டுவாங்க. பாட்டுக்கு நடுவுல திடீர்னு குரல் உடைஞ்சு மேல ஏறி, குழந்தை கூவுற மாதிரி கூவிட்டு, ஒண்ணுமே நடக்காத மாதிரி கீழ இறங்கும். யாரும்மா இதுன்னு கேட்டேன். சந்திரபாபு, நம்ம தூத்துக்குடிக்காரர்லா என்றார்கள்.

நம்ம பஸ் ஸ்டாண்டுல இருந்து ஐம்பது கிலோமீட்டர் சொச்சம்தான் தூத்துக்குடி. அங்க 1927 ஆகஸ்டில், பரதவர் குடும்பத்தில் பிறந்தவர் ஜோசப் பனிமயதாஸ். பனிமய மாதா கோயிலின் பெயர் அவர் பெயருக்குள்ளயே இருக்கு. வீட்டில் கூப்பிட்டது பாபு. ஜே.பி.சந்திரபாபு என்பது பிறகு வந்தது. அப்பா ரோட்ரிக்ஸ் சுதந்திரப் போராட்டத்தில் இறங்கி சிறைக்குப் போனவர். அதன் பிறகு குடும்பம் கடல் தாண்டி கொழும்புக்குப் போக வேண்டியதாயிற்று. அதனால் பாபு வளர்ந்ததும் படித்ததும் இலங்கையில். மேற்கத்திய சங்கீதமும் நடனமும் ஆங்கிலமும் அங்கேதான் ஒட்டிக்கொண்டிருக்க வேண்டும். 1943-ல் குடும்பம் சென்னைக்கு வந்து திருவல்லிக்கேணியில் தங்கியது.

அப்புறம் ஸ்டுடியோ ஸ்டுடியோவாக ஏறி இறங்கினார். 1947-ல் 'தன அமராவதி'யில் ஒரு சின்ன வேஷம். அதோடு சரி, வருஷக்கணக்கில் பெரிதாக ஒன்றும் இல்லை. இன்டர்வியூவில் நாலு தடவை ரிஜெக்ட் ஆனாலே நமக்கெல்லாம் ராத்திரி தூக்கம் வராது. இவருக்கு அது வருஷங்கள். ஜெமினி ஸ்டுடியோ முதலாளி எஸ்.எஸ்.வாசனைப் பார்க்கவே விடவில்லை என்ற விரக்தியில், அந்த ஸ்டுடியோவுக்குள்ளேயே உயிரை விடப் பார்த்தார். காப்பாற்றிவிட்டார்கள். ஆனால் அந்தக் காலச் சட்டப்படி அது குற்றம், கோர்ட்டுக்குப் போக வேண்டியிருந்தது. அங்கே அவர் ஒரு தீக்குச்சியைக் கிழித்துக் கையில் சுட்டுக்கொண்டு, சுட்டது உங்களுக்குத் தெரியும், என் வேதனை தெரியாது என்ற பொருளில் நீதிபதியிடம் பேசினார் என்று ஒரு கதை உண்டு. சினிமாக் கதை மாதிரியே இருக்கு, எவ்வளவு நிஜம்னு கேக்காதீங்க. நிஜமான விஷயம் இது: அதே ஜெமினி 1952-ல் எடுத்த 'மூன்று பிள்ளைகள்' படத்தில் அவர் இருந்தார்.

அங்கிருந்து பத்து வருஷம் மனுஷன் பறந்தார். பாட்டு, ஆட்டம், காமெடி மூணும் ஒரே ஆளுக்குள்ள. முதலில் சொன்ன அந்தக் குரல் உடைக்கிற வித்தைக்கு யோடலிங் என்று பெயர். ஆல்ப்ஸ் மலையில் மாடு மேய்க்கிறவர்கள் மலைக்கு மலை கூப்பிட்ட முறை. நெஞ்சுக் குரலில் இருந்து கள்ளக் குரலுக்குச் சட்டென்று தாவணும், நடுவில் வழுக்கக் கூடாது. ஈசிஇ பசங்களுக்குப் புரியணும்னா, அலைவரிசை படிப்படியா ஏறாம ஒரே குதியில குதிக்கிறது. அதைத் தமிழ்ப் பாட்டுக்குள் கொண்டுவந்து பாமரனையும் கேட்க வைத்தது இவர்தான். அடுத்தவருக்கும் பாடியிருக்கிறார். 1954-ல் வந்த 'பெண்' படத்தில் வீணை எஸ்.பாலசந்தர் நடிக்க, குரல் சந்திரபாபுவுடையது. 1957-ல் 'புதையல்', 1959-ல் 'மரகதம்' என்று வரிசையாகப் பாட்டுகள் ஹிட்.

1958-ல் வந்த 'சபாஷ் மீனா'வை நீங்க கட்டாயம் பார்க்கணும். பி.ஆர்.பந்துலு படம், ஹீரோ சிவாஜி. சந்திரபாபுவுக்கு இரட்டை வேடம், அதில் ஒன்று ரிக்‌ஷாக்காரர். தூத்துக்குடியில் பிறந்து கொழும்பில் வளர்ந்த, கோட்டு சூட்டு ஆங்கிலக்கார மனுஷன் மெட்ராஸ் பாஷையைப் பிச்சு உதறுவார். நாங்க ஹாஸ்டல்ல லேப்டாப்ல போட்டப்ப, ஃபார்வர்டு பண்ணுடான்னு கத்திட்டு இருந்த பயலே ரிக்‌ஷா சீன்ல வாயை மூடிட்டான். அந்தப் படத்துக்கு சிவாஜியைவிட ஒரு ரூபாய் கூடுதலாகச் சம்பளம் கேட்டார் என்றொரு பேச்சு இன்றுவரை ஓடுகிறது. உண்மையோ இல்லையோ, அந்தப் பேச்சு இவர் மேல் ஒட்டிக்கொண்டதுக்குக் காரணம் இருக்கு. பெரிய ஸ்டார்களைக்கூட மிஸ்டர் போட்டுத்தான் கூப்பிடுவார். அண்ணே, ஐயா என்று வளையத் தெரியாது. படம் பிறகு இந்திக்குப் போய் 1962-ல் 'தில் தேரா தீவானா' ஆனது. இவர் செய்ததை அங்கே செய்தவர் மெஹ்மூத்.

அதே 1958-ல்தான் கல்யாணம். அது நிலைக்கவில்லை. மனைவிக்கு முன்பே ஒரு விருப்பம் இருந்தது தெரிந்ததும், தடுக்காமல் அனுப்பி வைத்தார் என்பார்கள். 'அந்த 7 நாட்கள்' பார்த்தவர்களுக்கு இது எங்கேயோ கேட்ட மாதிரி இருக்கும்.

1960-ல் கண்ணதாசன் தயாரித்த 'கவலை இல்லாத மனித'னில் இவர்தான் ஹீரோ. படப்பிடிப்புக்கு வராமல் தயாரிப்பாளரைத் தவிக்க விட்டார் என்று கண்ணதாசனே பின்னாளில் மனசு நொந்து எழுதினார். படமும் ஓடவில்லை, கவிஞர் கடனில் விழுந்தார். இவருடைய வாழ்க்கையை எழுதுறவங்க பலரும் எல்லாப் பழியையும் ஊர் மேல போட்டுடுறாங்க. எனக்கு அது சரியாப் படல. திறமை இருக்கிறவன் லேட்டா வந்தாலும் காத்திருப்பாங்கங்கிற நினைப்பு நம்ம டிபார்ட்மென்ட்லயும் நாலு பேருக்கு இருக்கு. (நான் ஒருத்தன்.) ஆனா அந்தப் படத்துக்காக அவர் பாடிய பாட்டை ஜனாதிபதி ராதாகிருஷ்ணன் முன் பாடி, அவர் மெச்சியதும் ஓடிப்போய் அவர் மடியிலேயே உட்கார்ந்தார் என்று சொல்வார்கள். வேற யாரைப் பத்திச் சொன்னாலும் நம்ப மாட்டேன்.

அப்புறம்தான் டைரக்டர் ஆசை. 'மாடி வீட்டு ஏழை' என்று பெயர் வைத்து, எம்.ஜி.ஆரை ஹீரோவாகப் போட்டு, தானே இயக்கத் தொடங்கினார். கைக்காசு, வாங்கிய காசு எல்லாம் அதில். கொஞ்சம் எடுத்ததும் கால்ஷீட் சிக்கல் வந்தது. தேதி கேட்கப் போன இடத்தில் எம்.ஜி.ஆரின் அண்ணன் சக்ரபாணியோடு வாய்த்தகராறு முற்றியது என்பது சந்திரபாபு தரப்பு சொன்னது. எது எப்படியோ, படம் நின்றது. நின்றது நின்றதுதான்.

இந்த இடத்தில் அவருடைய வீட்டைச் சொல்லணும். சென்னை கேசவபெருமாள்புரத்தில் ஆசை ஆசையாக அவர் கட்டிய வீடு. காரை நேராக மாடிக்கே ஓட்டிக்கொண்டு போகலாம், அப்படி ஒரு சாய்தளம். சிவில் படிக்கிறவங்க கற்பனை பண்ணிப் பாருங்க, இன்னைக்கு மால் பார்க்கிங்ல பாக்குற ரேம்ப், அறுபது வருஷம் முன்னாடி ஒரு காமெடி நடிகர் வீட்டுல. அந்த வீடு கடனுக்குப் போனது. படத் தலைப்பை அவர் யோசித்து வைத்தாரா, தலைப்பு அவரை யோசித்து வைத்திருந்ததா, தெரியல.

அதற்குப் பிறகும் அவர் விடவில்லை. அதுதான் எனக்கு ஆச்சரியம். 1966-ல் 'தட்டுங்கள் திறக்கப்படும்' வந்தது. பைபிளில் இருந்து எடுத்த தலைப்பு. இயக்கம் சந்திரபாபு, நடிப்பும் சந்திரபாபு, கூட சாவித்திரி. சிரிப்பு நடிகரிடம் ஜனங்கள் எதிர்பார்த்தது அதில் இல்லை. ஓடவில்லை. இயக்குநர் சந்திரபாபுவின் கணக்கு அந்த ஒரே படத்தோடு முடிந்தது.

பிறகு குடி. வாய்ப்புகள் குறைந்தன. முழுக்க நின்றுவிடவில்லை, 'பறக்கும் பாவை', 'கண்ணன் என் காதலன்', 1969-ல் 'அடிமைப்பெண்' என்று வந்துகொண்டுதான் இருந்தார். மூன்றிலும் ஹீரோ எம்.ஜி.ஆர் என்பதைக் கவனிங்க. சண்டை போட்ட ஆளுக்கு அவர் படத்திலேயே வேஷம். இதைப் பெருந்தன்மைன்னு சொல்றவங்களும் உண்டு, கொடுமைன்னு சொல்றவங்களும் உண்டு. செட்டுக்குள்ள போய் நின்ன மனுஷனுக்கு எப்படி இருந்திருக்கும்னு நாமதான் யோசிக்கணும். கடைசிக் காலத்தில் அவர் அண்டியிருந்தது நண்பர் எம்.எஸ்.விஸ்வநாதனை. 1974 மார்ச் 8-ம் தேதி இறந்தபோது வயது 46. கடற்கரை ஊரில் பிறந்தவரை அடக்கம் செய்ததும் கடல் பக்கத்தில்தான், சென்னை குயிபிள் தீவு கல்லறையில்.

இதை எழுதிட்டு உம்மாகிட்ட வாசிச்சுக் காட்டினேன். 46 என்ற இடத்துல பீடி சுத்துற கை நின்னுச்சு. அவரு அப்பமே போயிட்டாரால என்று கேட்டுவிட்டு, நூலைக் கடிச்சுத் துப்பிட்டு, 'மரகதம்' பாட்டைப் போடச் சொன்னார்கள். போட்டேன்.